டிரைவர் பக்கம்

ஒடுகத்தூர் சாலையில் ஒரு கைத்தொழில் பள்ளிக்கூடம் இருக்கிறது. அதன் வாசலில் சிமெண்டு மேடை கட்டி, மேலே ஒரு சின்ன நீராவி எஞ்சினை நிறுத்தி வைத்திருக்கிறார்கள். வருஷத்துக்கு ஒரு தடவை கறுப்புப் பெயிண்டு அடிப்பார்கள். எந்த ஊரில் செய்தது, எத்தனை டன் இழுக்கும் என்றெல்லாம் பக்கத்தில் ஒரு பலகையில் எழுதியிருக்கிறது. அது அங்கே வந்து சேர்ந்த அன்று டிரைவர் இடத்தில் உட்கார்ந்து வந்தவர் எங்கள் அடைக்கலம் மாமா. அவர் டிரைவர் இல்லை. பன்னிரண்டு வருஷம் அதற்கு நெருப்புப் போட்டவர். அதற்கப்புறம் மூன்று வருஷம் அதற்குக் காவல் இருந்தவர்.

என் அம்மாவோடு பிறந்தவர்கள் நாலு பேர். மூத்தவள் சாந்தாமேரி பெரியம்மா வாணியம்பாடிக்கு வாழ்க்கைப்பட்டுப் போனாள். அடுத்தது அம்மா. நடுவில் இரண்டு பிள்ளைகள் காய்ச்சலில் போய்விட்டார்கள். கடைசிதான் மாமா. அவர் கட்டிக்கொண்டது என் அப்பாவுக்கு ஒன்றுவிட்ட தங்கை கிருபாவதியை. அதனால் அந்த வீட்டில் எனக்கு இரண்டு பக்கத்து உரிமையும் உண்டு. இந்தக் கதையில் பாதி மாமா சொன்னது, பாதி அத்தை சொன்னது. இரண்டும் ஒத்துப்போகாத இடத்தில் அத்தை சொன்னதையே எடுத்துக்கொண்டேன். மாமா எதையும் குறைத்துத்தான் சொல்வார்.

ஜவ்வாது மலை இறங்குகிற இடத்தில் அப்போது ஒரு மரக் கம்பெனியின் கிடங்கு இருந்தது. மலையிலிருந்து இறக்குகிற மரத்தைப் பெரிய ரயில் போகிற இடம் வரைக்கும் கொண்டுபோக, கம்பெனியே ஒன்பது மைலுக்குச் சின்னத் தண்டவாளம் போட்டிருந்தது. எங்கேயோ மூடிப்போன ஒரு லைனிலிருந்து எஞ்சினை வாங்கி வந்தார்கள். அதோடு கூடவே வந்தவர் டிரைவர் ஜேம்ஸ். முப்பத்துநாலாம் வருஷம் மாமா அதில் பயர்மேனாகச் சேர்ந்தார். அப்போது அவருக்கு வயசு இருபத்தாறு.

எஞ்சினுக்குள் இரண்டு ஆள் நிற்க இடம் உண்டு. ஆனால் உட்கார இடம் ஒன்றுதான். டிரைவர் பக்கத்தில், ஜன்னலை ஒட்டி, முக்கால் அடி அகலத்துக்கு ஒரு பலகை. முதல் நாளே ஜேம்ஸ் அதைத் தட்டிக் காட்டிச் சொன்னாராம்:

"தம்பி, இது டிரைவர் பலகை. நான் செத்தாலும் நீ இதுல உக்காரக் கூடாது. டிரைவர்னு எழுதன சீட்டு வாங்கிக்கினு வா, அப்பால உக்காரு."

"நிக்கறதுக்குத்தானே அண்ணே வந்தேன்" என்று மாமா சிரித்தாராம். அப்போது சிரிக்க முடிந்தது.

நிலக்கரி கிடைத்த வரைக்கும் வேலை ஒருமாதிரி ஓடியது. உலகச் சண்டை வந்ததும் நிலக்கரி எல்லாம் பெரிய ரயிலுக்கே போதவில்லை. எங்கள் எஞ்சினுக்கு விறகுதான் என்று ஆகிவிட்டது. விறகு நிலக்கரி மாதிரி நின்று எரியாது. போட்டுக்கொண்டே இருக்க வேண்டும். முழங்கை நீளக் கட்டை, ஒவ்வொன்றும் பத்துப் பன்னிரண்டு ராத்தல். குனிய வேண்டும், தூக்க வேண்டும், கதவைத் திறக்க வேண்டும், எறிய வேண்டும், மூட வேண்டும். ஒன்பது மைல் போக, ஒன்பது மைல் வர, ஒரு நாளைக்கு இரண்டு நடை. சண்டைக்கு மரம் வேண்டும் என்று மூன்றாவது நடையும் சேர்த்தார்கள்.

மாமா வீட்டுக்கு வந்தால் பேசமாட்டார். அத்தை சோற்றைப் போட்டுவிட்டுத் திரும்பிப் பார்த்தால், கை தட்டில் இருக்க, சுவரில் சாய்ந்து தூங்கிக்கொண்டிருப்பார். ஞாயிற்றுக்கிழமை மாதா கோயில் பூசையில் எல்லாரும் முழங்காலில் நிற்கும்போது அவர் மட்டும் எழுந்திருக்க முடியாமல் அப்படியே உட்கார்ந்துவிடுவார்.

"சாமியாரு பாக்கறாரு" என்று அத்தை இடிப்பாள்.

"பாக்கட்டும். ஆண்டவருக்கு என் இடுப்பு தெரியும்."

அவருக்கு இருந்தது ஒரே ஆசை. அந்தப் பலகை. டிரைவர் என்கிற பெயரோ தொப்பியோ அவருக்கு ஒரு பொருட்டில்லை. உட்கார்ந்தபடி வேலை செய்ய வேண்டும், அவ்வளவுதான். நாற்பத்துமூன்றாம் வருஷம் அதற்கு வழி வந்தது. ஜேம்ஸுக்கு இருமல் முற்றி, ஜோலார்பேட்டையில் இருக்கும் மகளிடம் போய்விடுவதாகச் சொல்லிவிட்டார். அடைக்கலத்தையே டிரைவராகப் போடலாம், வேலை எல்லாம் அவனுக்குத் தெரியும் என்று மேனேஜரிடம் அவரே எடுத்துச் சொன்னார். மேனேஜரும் சம்மதித்தார். ஒரே ஒரு காகிதம் வேண்டும். வேலூரில் ஒரு கண் டாக்டரிடம் போய்க் கண் சரியாக இருக்கிறது என்று சீட்டு வாங்கி வர வேண்டும். ஐப்பசி மாசம் இருபதாம் தேதிக்கு நாள் குறித்தார்கள்.

மாமாவின் கண்ணுக்கு என்ன குறை? மலை மேலே புதூர்நாட்டுப் பக்கம் மாடு மேய்வதைக் கீழே இருந்து எண்ணுவார் என்று அத்தை சொல்வாள். அது கொஞ்சம் அதிகம்தான். ஆனாலும் கண் நல்ல கண்.

இங்கே சடையனைப் பற்றிச் சொல்ல வேண்டும். சடையன் மேலே ஒரு சின்ன ஊர்க்காரர், மலைக் கவுண்டர். சாமையும் கேழ்வரகும் போட்டது போக மிச்ச நாளில் கிடங்குக்கு விறகு இறக்குவார். மாமாவுக்கும் அவருக்கும் ஒரே வயசு. எஞ்சினுக்கு விறகு ஏற்றுவது அவர் வேலை. ஆனால் எல்லா மரத்தையும் ஏற்ற மாட்டார். இது அம்மன் மரம், இது தேன் கூடு வைக்கிற மரம், இதன் அடியில் எங்கள் பாட்டனைப் புதைத்தோம் என்று ஒவ்வொரு கட்டையாக எடுத்து ஓரமாக வைப்பார். மாமா கோயில்பிள்ளை வளர்த்த பிள்ளை. எங்கள் தாத்தா முப்பது வருஷம் மாதா கோயிலில் மணி அடித்தவர். மரத்தில் சாமி இருக்கிறது என்றால் மாமாவுக்குச் சிரிப்பு வரும். சடையன் அந்தப் பக்கம் போனதும் ஓரமாக வைத்த கட்டையை எல்லாம் எடுத்து நெருப்பில் போட்டுவிடுவார். மறுநாள் சடையன் வந்து பார்ப்பார்.

"இன்னா வண்டிக்காரரே, அம்மன் கட்டைய எங்க காணோம்?"

"அம்மன் ரயிலேறிப் போய்ட்டா கவுண்டரே. வாணியம்பாடியில எறங்கிக்கினா."

"உங்களுக்கு ஒண்ணும் ஆவலியா?"

"பசிதான் ஆச்சு."

சடையனும் சிரித்துவிடுவார். இப்படியே மூன்று நாலு வருஷம் போனது. மாமாவுக்கு ஒரு நாளும் ஒன்றும் ஆகவில்லை. வம்பு அங்கேதான் இருந்தது.

மூன்றாவது நடை சேர்த்த பிறகு மலைக்காரர்கள் இறக்குகிற விறகு போதவில்லை. கிடங்கு மேஸ்திரி தாண்டவராயன் செங்கம் பக்கத்திலிருந்து கூலிக்கு வெட்டுகிற ஆட்களைக் கொண்டுவந்தார். அவர்களுக்கு மலை தெரியாது. கண்ணில் பட்டதை வெட்டினார்கள். வெட்டிப் பட்டையை உரித்துத் தகரக் கொட்டகையில் அடுக்கி வைத்தார்கள். ஐப்பசி மழை பிடித்துக்கொண்டது. சடையன் இறக்கிய விறகெல்லாம் வெளியில் நனைந்து கிடந்தது. கொட்டகையில் இருந்ததுதான் காய்ந்த விறகு.

கண் பார்க்கிற நாளுக்கு ஒன்பது நாள் முன்னால், காலையில் எஞ்சின் கிளம்ப வேண்டும். சடையன் கொட்டகைக்குள் போனார். போன வேகத்தில் வெளியே வந்தார். கையைத் துண்டால் துடைத்துக்கொண்டே வந்தாராம்.

"வண்டிக்காரரே, அந்த மூலையில கீற கட்டையத் தொடாதீங்க."

"ஏன்? அதுல யாரு கீறா?"

"தொடாதீங்கன்னா தொடாதீங்க. அது பெரியவன்."

"பேரச் சொல்லுங்க கவுண்டரே. யாரு பெரியவன்?"

"பேரச் சொல்லக் கூடாதுங்க. சொன்னா ஏறிடுவான்."

அது சேங்கொட்டை மரம். துணிக்குக் குறி போடுகிற கொட்டை அதில்தான் காய்க்கிறது. அதன் பால் பட்டால் உடம்பு வெந்துபோகும், புகை பட்டால் முகம் வீங்கும். மலைக்காரர்கள் அதை வெட்டவும் மாட்டார்கள், எரிக்கவும் மாட்டார்கள், அதன் பெயரைக்கூட வாயால் சொல்ல மாட்டார்கள். கொட்டையை மாமா வண்ணார் வீட்டில் நூறு தடவை பார்த்திருக்கிறார். மரத்தைப் பார்த்ததில்லை. எப்படிப் பார்ப்பார்? சடையனும் அவர் ஆட்களும் இத்தனை வருஷமாக ஒரு கட்டை கூட அதில் கொண்டுவராமல் காப்பாற்றி வந்திருக்கிறார்கள்.

அன்றைக்குச் சடையன் விறகு ஏற்றவில்லை. மழைக்கு முன்னால் வீடு சேர வேண்டும் என்று மலை ஏறிவிட்டார். தாண்டவராயன் வந்து நின்றார்.

"இன்னா அடைக்கலம், இன்னும் கெளம்பலியா? அங்க பெரிய வண்டி காத்துக்கினு கீது."

"வெறகு ஈரமா கீதுங்க."

"கொட்டாயில காய்ஞ்சது கீதே. கண்ணு தெரியலியா? இந்தக் கண்ண வச்சிக்கினுதான் வேலூரு போவப்போறியா?"

மாமா கொட்டகை விறகை அவரே ஏற்றினார். மூலையில் இருந்ததையும் சேர்த்து. சடையனின் அம்மன்கள் எத்தனை பேரைச் சுட்டாயிற்று, இதில் ஒரு பெரியவன்தானே என்று நினைத்திருப்பார். கேட்டால், "ஒண்ணும் நெனைக்கல. களைப்பா இருந்துது" என்பார்.

மேடு ஏறும்போது கட்டை நன்றாகத்தான் பிடித்துக்கொண்டது. சூட்டில் உள்ளே இருந்த பால் கசிந்து கையில் கறுப்பாக ஒட்டியது. கரி என்று நினைத்தார். வேர்வை கண்ணில் இறங்கியது. அந்தக் கையாலேயே துடைத்தார். கதவைத் திறக்கும்போதெல்லாம் புகை முகத்தில் அடித்தது. மறுபடியும் துடைத்தார். ஜேம்ஸ் தன் பலகையில் உட்கார்ந்து, தலையை ஜன்னலுக்கு வெளியே நீட்டிக்கொண்டு வந்தார். அவருக்குக் கழுத்தில் கொஞ்சம் அரிப்பு வந்தது, அதோடு சரி. மாமாவுக்குத் திரும்பி வரும்போதே முகம் எரிந்தது. மறுநாள் காலையில் கண் இரண்டும் திறக்கவில்லை. முகம் பூசணிக்காய் மாதிரி ஆகிவிட்டது என்று அத்தை சொல்வாள். கை முழுக்கக் கொப்புளம்.

சேதி கேட்டு மூன்றாம் நாள் சடையன் ஓடி வந்தார். வாசலிலேயே நின்று தலையில் அடித்துக்கொண்டார்.

"நான் சொன்னனே! தொடாதீங்கன்னு சொன்னனே!"

மாமாவுக்கு உதடு வீங்கிப் பேச வரவில்லை. ஆனாலும் பேசினார்.

"கவுண்டரே, நீங்க தொடாதேன்னு சொல்லாத மரம் எது?"



சடையன் வெளியே போய்க் கூடை நிறையப் புளிய இலை பறித்து வந்தார். வேகவைத்து, அந்தத் தண்ணீரால் கழுவச் சொன்னார். எரிச்சல் கொஞ்சம் அடங்கியது. அப்புறம் தயங்கித் தயங்கி அத்தையிடம் சொன்னார்: மேலே ஒரு தான்றி மரம் இருக்கிறது. பெரியவனுக்கு அது தம்பி. அண்ணன் கோபத்தைத் தம்பிதான் எடுக்க முடியும். மூன்று சுற்றுச் சுற்றி வந்தால் இறங்கிவிடும்.

அத்தை பிடித்துக்கொண்டாள். "மரத்தச் சுத்தறதா? ஞானஸ்நானம் வாங்கன ஒடம்பு அண்ணா இது. நான் சாமியாருக்கு இன்னா பதில் சொல்றது?"

மாமா படுத்தபடியே கையை நீட்டினார். "கிருபா, எனக்குக் கண்ணு தெரியலே. கவுண்டரு கையப் புடிச்சி எங்க கூட்டிக்கினு போறாருன்னு எனக்கு எப்பிடித் தெரியும்? சும்மா நடந்துட்டு வர்றேன்."

சடையன் கையைப் பிடித்து மலைமேல் கூட்டிப் போனார். அத்தையும் பின்னாலேயே போய், கொஞ்சம் தூரத்தில் நின்று, ஜெபமாலையை உருட்டிக்கொண்டிருந்தாள். மாமா மூன்று சுற்று நடந்தார். "எதச் சுத்தறோம்?" என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. சுற்றி முடித்ததும் சடையன்தான் வாயைத் திறந்து, பெரியவனின் பெயரை, சேங்கொட்டை என்று, முதல் தடவையாகச் சொன்னார். சொல்லிவிட்டு அழுதார்.

"அன்னிக்கே சொல்லிருந்தா..." என்றார்.

"உடுங்க" என்றார் மாமா. "எறங்கறதுக்கு வழி பாருங்க. கால் வலிக்குது."

புளிய இலையோ தான்றியோ, வீக்கம் வடிந்தது. இருபதாம் தேதி மாமா வேலூர் போனார். அத்தை கூடப் போனாள். டாக்டர் வலது கண்ணை மூடச் சொல்லி இடது கண்ணால் படிக்கச் சொன்னார். மூன்றாவது வரிக்குக் கீழே எல்லாம் புகையாகத் தெரிந்தது.

"இந்தக் கண்ணில் புண் இருக்கிறது. தூரத்து சிக்னல் தெரியாது. ஆறு மாசம் கழித்து வா, பார்க்கலாம்" என்றார் டாக்டர்.

"எங்க லைன்ல சிக்னலே கெடையாதுங்க" என்றார் மாமா.

டாக்டர் நல்ல மனுஷர். வருத்தப்பட்டார். ஆனால் சீட்டு எழுதவில்லை.

கம்பெனி ஆறு மாசம் காத்திருக்குமா? லட்சுமணன் என்று ஒரு டிரைவரைக் கொண்டுவந்தார்கள். மாமாவை விடப் பத்து வயசு சின்னவர். வந்ததும் பலகையில் உட்கார்ந்தார். மாமா குனிந்து விறகை எடுத்தார். லட்சுமணன் கெட்டவர் இல்லை. "அண்ணே, கொஞ்ச நேரம் நீங்க இங்க குந்துங்க, நான் வெறகு போடறேன்" என்று இரண்டொரு தடவை சொல்லியிருக்கிறார். மாமா வேண்டாம் என்றுவிட்டார். சீட்டு இல்லாத ஆள் அதில் உட்காரக் கூடாது என்று ஜேம்ஸ் சொன்னது இருக்கிறதே.

ஆறு மாசம் கழித்து மாமா மறுபடி வேலூர் போகவில்லை. போகச் சொல்லி அத்தை மூன்று மாசம் சண்டை போட்டாள். "அங்க ஆளு இருக்கு, எனக்கு எதுக்குச் சீட்டு?" என்றார். இடது கண்ணில் அந்தப் புகை கடைசி வரைக்கும் இருந்தது.

உலகச் சண்டை முடிந்த மறு வருஷம் கம்பெனி மரத்தை லாரியில் ஏற்ற ஆரம்பித்தது. தண்டவாளத்தைப் பிடுங்கி விற்றார்கள். லட்சுமணன் பெரிய ரயிலுக்குப் போய்விட்டார். எஞ்சினை வாங்க ஆள் வருவார்கள், அதுவரைக்கும் துரு ஏறாமல் பார்த்துக்கொள் என்று மாமாவை ஷெட்டில் வைத்தார்கள். ஆள் வரவில்லை. மூன்று வருஷம் வரவில்லை. ஓடுகிற வழியே இல்லாத எஞ்சினை மாமா வாரம் ஒரு தடவை துடைத்து எண்ணெய் போட்டார். பித்தளையைப் புளி போட்டுத் தேய்த்தார். புளி சடையன் கொண்டுவந்து தருவார். பலகையையும் துடைப்பார். உட்காரமாட்டார். களைத்தால் கீழே இறங்கித் தரையில் உட்காருவார்.

சடையனுக்கே பொறுக்கவில்லை. "யாரு பாக்கப்போறாங்க? ஏறிக் குந்துங்க."

"குந்தி? அது எங்கயாவது போவுதா?"

நாற்பத்தொன்பதில் கைத்தொழில் பள்ளிக்கூடம் கட்டினார்கள். பிள்ளைகள் பார்த்துக் கற்றுக்கொள்ளட்டும் என்று கம்பெனி எஞ்சினைச் சும்மா கொடுத்துவிட்டது. வந்து பார்த்தவர்கள் ஆச்சரியப்பட்டார்கள். ஒரு பொட்டுத் துரு இல்லை. அதனால்தான் அது பழைய இரும்புக்குப் போகவில்லை.

ஷெட்டிலிருந்து பள்ளிக்கூடத்துக்கு மூன்று மைல். நாலு துண்டுத் தண்டவாளம் கொண்டுவந்தார்கள். எஞ்சின் கடந்ததும் பின்னால் கிடப்பதைப் பிடுங்கி முன்னால் போடுவது. இழுக்கப் பதினோரு ஜோடி மாடு. ஆறு நாள் ஆயிற்று. வழியில் கால்வாய்ப் பக்கம் ஓர் இறக்கம் உண்டு. அங்கே மாட்டின் மேல் எஞ்சின் ஏறிவிடாமல் பிரேக்கைப் பிடித்துக்கொள்ள ஆள் வேண்டும். பிரேக் சக்கரம் டிரைவர் பக்கத்தில் இருக்கிறது.

"இந்த வண்டியைத் தெரிந்தவர் யார்?" என்று பள்ளிக்கூடத்து ஆள் கேட்டார். எல்லாரும் மாமாவைப் பார்த்தார்கள்.

"எங்கிட்ட சீட்டு இல்லீங்க" என்றார் மாமா.

"மாடு இழுக்கற வண்டிக்கு இன்னா சீட்டுயா?" என்று மாட்டுக்காரர்கள் எல்லாரும் சிரித்துவிட்டார்கள். மாமாவும் சிரித்தார். பதினைந்து வருஷத்துக்கு முன்னால் சிரித்தது போல இல்லை.

நின்றுகொண்டே சக்கரத்தைப் பிடித்தார். ஐந்து நாள் அப்படியே போனது. ஆறாம் நாள் இறக்கத்தில், வெயில் உச்சியில், முழங்கால் நடுங்கியது. பிரேக்கை விட்டால் மாடு போய்விடும். பக்கத்தில் நடந்துகொண்டிருந்த சடையன் கீழே இருந்து கத்தினார்: "குந்துங்க! கையை உட்டுடாதீங்க, குந்திக்கினு புடிங்க!"

மாமா உட்கார்ந்தார்.

இறக்கம் முடிகிற வரைக்கும் அப்படியே இருந்தார். பள்ளிக்கூடத்து வாசல் வந்தது. மேடைமேல் ஏற்றி, சக்கரத்துக்கு முட்டுக் கொடுத்து, மாட்டை அவிழ்த்தார்கள். யாரோ தேங்காய் உடைத்தார்கள். எல்லாரும் போன பிறகும் மாமா இறங்கவில்லை. அத்தை சோற்றுத் தூக்கோடு வந்து கீழே நின்றாள். சடையனும் நின்றார். களைப்பில் தூங்கிவிட்டாரோ என்று பார்த்தால் கண் திறந்துதான் இருந்தது.

"எறங்கி வர்றது" என்றாள் அத்தை. "சோறு ஆறுது."

மாமா மெல்ல எழுந்தார். இடுப்பைப் பிடித்துக்கொண்டு, ஒரு படி, ஒரு படியாக இறங்கினார். சடையன் கை கொடுத்தார்.

"இன்னாங்க, எப்பிடி இருந்துது?"

மாமா ஒருதரம் திரும்பிப் பலகையைப் பார்த்தார்.

"இந்தப் பலகையில ஜேம்ஸண்ணன் எப்பிடித்தான் ஒன்பது மைல் உக்காந்து வந்தாரோ தெரியல, கவுண்டரே. இடுப்பு ஒடிஞ்சிப்போச்சு. நின்னுக்கினே வந்திருக்கலாம்."

சொல்லிவிட்டு எஞ்சினின் நிழலில் தரையில் உட்கார்ந்து, அத்தை போட்ட சோற்றைச் சாப்பிட்டார். அன்றைக்குத் தட்டில் கை வைத்தபடி தூங்கவில்லை, முழுக்கச் சாப்பிட்டார் என்று அத்தை சொல்வாள்.